செட் கடையில் கிடந்த நாட்கள்

டிவி ஓடுகிற வீட்டை எல்லோரும் பார்த்திருப்பீர்கள். டிவி நின்றுபோன வீட்டுக்குள் போய் உட்காருகிற வாய்ப்பு எங்களைப் போன்ற மெக்கானிக்குகளுக்குத்தான் அடிக்கடி வாய்த்தது.

எண்பதுகளின் தொடக்கத்தில், கோவில்பட்டியில் ஒரு ரேடியோ கடையில் சால்டரிங் அயர்ன் பிடிக்கப் பழகி, பிறகு டிவிக்கு மாறியவன் நான். அந்தக் காலத்து செட் ஒன்று கடைக்கு வந்தால் லேசில் வீடு திரும்பாது. ஈ.எச்.டி. என்கிற உயர் அழுத்த டிரான்ஸ்பார்மர் போயிருந்தால் மதுரையில் தேட வேண்டும். பிக்சர் டியூப் என்றால் சென்னையிலிருந்து லாரியில் வர வேண்டும், அதுவும் உடையாமல் வர வேண்டும். அதுவரை அந்த வீட்டுக்காரர்கள் என் கடைக்கு நடையாய் நடப்பார்கள்.

முதல் இரண்டு நாள் யாரும் வர மாட்டார்கள். "கிடக்கட்டும், பிள்ளைக படிக்கும்" என்று அப்பா பெருந்தன்மையாகச் சொல்லியிருப்பார். அடுத்த நாள் பள்ளிக்கூடம் விட்டதும் மூத்த பையன் சைக்கிளில் வந்து, ஒரு காலைத் தரையில் ஊன்றியபடி எட்டிப் பார்ப்பான். அதற்கடுத்து அம்மா வருவார். "தம்பி, வீட்ல ஒரே சண்டக்காடா இருக்கு. பிள்ளைக ஒண்ணையொண்ணு அடிச்சுக்கிடுது. அவரு எதுக்கெடுத்தாலும் எரிஞ்சு விழுதாரு. பழைய செட் ஏதாவது கெடந்தா அதுவரைக்கும் குடேன்." இதற்கென்றே ஒரு கறுப்பு வெள்ளை செட்டை ஓரமாக வைத்திருந்தேன். அது எப்போதும் யார் வீட்டிலாவதுதான் இருக்கும்.

அது கிடைக்காதவர்கள் கொஞ்சம் கொஞ்சமாக அடங்கிவிடுவார்கள். இரண்டாவது வாரம் விசாரிப்புக் குறையும். சரிசெய்த செட்டைத் தள்ளுவண்டியில் ஏற்றிக்கொண்டு போய் இறக்கினால், பட்டாசாலையில் சுண்ணாம்புக் கட்டியால் தாயக்கட்டம் வரைந்திருக்கும். ஆச்சி ஒரு பக்கம், பேத்திகள் ஒரு பக்கம். "வந்துட்டியா, வை, வை" என்பார்கள். எழுந்து வர மாட்டார்கள். நான் ஆன்டெனா ஒயரைச் செருகி, படத்தை நிறுத்தி, சவுண்டைக் கூட்டுவேன். ஐந்து நிமிஷம் ஆகாது. வெட்டுப்பட இருந்த காய் கட்டத்திலேயே கிடக்கும். ஆச்சி மட்டும் கையில் தாயக்கட்டையோடு, "ஏட்டி, ஒன் ஆட்டந்தான்" என்று கூப்பிட்டுக்கொண்டிருப்பார்.

இதையெல்லாம் எங்கள் ஊர்க் குணம் என்று நினைத்திருந்தேன். ஓய்வுபெற்ற ஆங்கிலப் பேராசிரியர் ஒருவர் தன் செட்டைக் கொடுக்க வந்தபோது கூடவே ஒரு ஜெராக்ஸ் கட்டையும் மேசையில் வைத்தார். "இது உம்ம தொழிலப் பத்தித்தான்வே, படியும்." சயன்டிபிக் அமெரிக்கன் பத்திரிகையில் 2002 பிப்ரவரியில் வந்த கட்டுரை. எழுதியவர்கள் ராபர்ட் கியூபி, மிஹாய் சிக்சென்ட்மிஹாயி. அகராதியை வைத்துக்கொண்டு படித்து முடிக்கக் கொஞ்ச நாள் பிடித்தது. அதில் என் வாடிக்கையாளர்கள் எல்லோரும் இருந்தார்கள், அமெரிக்க வேஷத்தில்.

கேரி ஸ்டெய்னர் என்ற ஆய்வாளர் 1963-இலேயே, செட் பழுதான வீட்டார் சொன்ன கதைகளைத் திரட்டியிருக்கிறார். தலையில்லாக் கோழி மாதிரி சுற்றிச் சுற்றி நடந்ததாக ஒரு வீடு, வேறு வேலையில்லாமல் புருஷனும் பெண்டாட்டியும் பேசிக்கொண்டிருந்ததாக ஒரு வீடு. பிறகு சார்லஸ் வினிக் என்பவர், டிவி பழுதாகியோ திருடு போயோ நின்ற குடும்பங்களைப் பற்றிய ஆய்வுகளை ஒன்றுசேர்த்துப் பார்த்தார். முதல் மூன்று நான்கு நாள்தான் பெரும்பாலோருக்கு மிக மோசம். பாதிக்கும் மேற்பட்ட வீடுகளில் அன்றாட ஒழுங்கு குலைந்து, பதற்றமும் கோபமும் தலைகாட்டின. இரண்டாவது வாரத்தில் பழகிக்கொண்டார்கள். பையன் சைக்கிளில் வருகிற நாளும், ஆச்சி தாயக்கட்டம் வரைகிற வாரமும் அப்படியே பொருந்தி வந்தன.

டிவி மயக்குகிறது, மனிதர்களைத் தனியாக்குகிறது என்று இரண்டையும் ஒரே மூச்சில் சொல்லிவிடுகிறோம். என் தொழில் அனுபவத்தில் இவை இரண்டும் வேறு வேறு. மயக்கம் பெட்டிக்குள் ஓடும் படத்தில் இருக்கிறது. தனிமை, ஊரில் எத்தனை பெட்டி இருக்கிறது, அது வீட்டில் எந்த இடத்தில் இருக்கிறது என்பதைப் பொறுத்தது.

மயக்கத்தை முதலில் சொல்கிறேன். கதைதான் ஆளைப் பிடித்து வைக்கிறது என்று பலர் நம்புகிறார்கள். நான் நம்ப மாட்டேன். காரணம் ரூபவாஹினி. இலங்கையில் 1982 பிப்ரவரியில் அந்த ஒளிபரப்பு தொடங்கியபோது எங்கள் பக்கம் தூர்தர்ஷன் எட்டவில்லை. சென்னை நிலையம் 1975-இலேயே வந்துவிட்டது, ஆனால் அந்த அலை தெற்கே இவ்வளவு தூரம் வராது. எனவே தூத்துக்குடி, திருநெல்வேலிப் பக்கமெல்லாம் மொட்டைமாடியில் இரும்புப் பைப்பை நட்டு, உச்சியில் நீள ஆன்டெனாவை இலங்கைப் பக்கம் திருப்பிக் கட்டி, பூஸ்டர் போட்டுப் படத்தை இழுத்தோம். வெயில் காலத்தில் கடலுக்கு மேலே காற்று அடுக்கடுக்காகச் சூடேறி நிற்கும்போது அலை வளைந்து அதிக தூரம் வரும், அப்போது படம் பளிச்சென்றிருக்கும். மற்ற நாட்களில் புள்ளி புள்ளியாகத்தான். வந்ததில் பெரும்பகுதி சிங்களம். ஒரு சொல் புரியாது. தெருவே உட்கார்ந்து சிங்களச் செய்தியைப் பார்த்தது. செய்தி வாசிக்கிற பெண் சிரித்தால் கூடச் சிரித்தது.

பிறகு டெல்லியின் இந்தி வந்தது. 1987-இல் ஞாயிறு காலைகளில் ராமாயணம். அதிலாவது கதை தெரியும், சரி. ஆனால் இந்தியில் பயிர்ப் பாதுகாப்பு பற்றி இருவர் பேசுவதையும் எங்கள் ஊர்த் தீப்பெட்டி ஆபீஸ் தொழிலாளி வாய்மூடிப் பார்த்தார். "தடங்கலுக்கு வருந்துகிறோம்" என்ற அட்டையைக்கூடக் கலையாமல் பார்த்த கூட்டம் நாம். கதையும் வேண்டாம், மொழியும் வேண்டாம் என்றால் பிடித்து வைப்பது எது?

கட்டுரையில் அதற்கு விடை இருந்தது. பின்னால் சருகு சரசரத்தால் நாம் சட்டென்று திரும்புகிறோம். யோசித்துத் திரும்புவதில்லை, உடம்பு தானாகத் திரும்புகிறது. இதை 1927-இல் விவரித்தவர் ரஷ்ய விஞ்ஞானி பாவ்லோவ். அந்தக் கணத்தில் இதயத் துடிப்பு சற்றுக் குறைகிறது, பெரிய தசைகளுக்குப் போகும் ரத்தக் குழாய்கள் சுருங்குகின்றன, மூளைக்குப் போகிறவை விரிகின்றன. உடம்பை நிறுத்திவிட்டுக் கண்ணையும் காதையும் திறந்து வைக்கும் ஏற்பாடு. பாம்பா, எலியா என்று தெரிந்ததும் விட்டுவிடும். பைரன் ரீவ்ஸ், எஸ்தர் தார்சன் ஆகியோர் 1986-இல் தொடங்கிய ஆய்வுகளில், டிவியில் ஒவ்வொரு காட்சி வெட்டும், ஜூமும், திடீர் சத்தமும் இதே அனிச்சையைத் தட்டி எழுப்புவதைக் காட்டினார்கள். சருகு ஒரு முறை சரசரத்து ஓய்ந்துவிடும். டிவியில் அது ஓய்வதே இல்லை. விளம்பரங்களிலும் பாட்டுகளிலும் இது கிட்டத்தட்ட நொடிக்கு ஒன்று என்ற கணக்கில் வருகிறதாம்.

இதை நீங்களே சோதிக்கலாம். இரவில் விளக்கை அணைத்து, சவுண்டை முழுக்கக் குறைத்து, டிவிக்கு முதுகு காட்டி உட்கார்ந்து எதிர்ச் சுவரைப் பாருங்கள். காட்சி மாறும்போதெல்லாம் சுவரில் வெளிச்சம் குதிக்கும். சினிமாப் பாட்டில் அது நிற்கவே நிற்காது. நாங்கள் இதைக் கண்ணாடியில் பார்த்துப் பழகியவர்கள். செட்டின் பின்மூடியைக் கழற்றிவிட்டுப் பின்னால் உட்கார்ந்து திருகுகிறபோது, திரை தெரிவதற்காக எதிரே ஒரு முகம் பார்க்கும் கண்ணாடியைச் சாத்தி வைத்திருப்போம். நான் பார்ப்பது கோடு நேராக இருக்கிறதா, ஓரத்தில் சிவப்பு வழிகிறதா என்பதை மட்டும். அதே கண்ணாடியில் திரைக்குப் பக்கத்தில் வீட்டாரின் முகங்களும் தெரியும். சவுண்ட் போர்டு கழன்றுகிடக்கும், படம் தலைகீழாகக்கூட ஓடும். அவர்கள் பார்த்துக்கொண்டே இருப்பார்கள்.

நம் சீரியல்காரர்கள் பாவ்லோவைப் படித்திருக்க மாட்டார்கள், ஆனால் வித்தை தெரிந்தவர்கள். மாமியார் ஒரு வார்த்தை சொல்வார். உடனே கேமரா மருமகள் முகத்துக்குப் போகும், டமார். மூத்த மகன், டமார். நாத்தனார், டமார். மறுபடி மருமகள், மூன்று கோணத்தில். கதை ஒரு அங்குலம் நகர்ந்திருக்காது. ஆனால் அரை நிமிஷத்துக்குள் பத்துத் தடவை நம் உடம்பைத் தட்டித் திருப்பியிருப்பார்கள். "ஒண்ணுமே இல்ல, இழுஇழுன்னு இழுக்கான்" என்று திட்டிக்கொண்டே பார்க்கிறவர்களைக் கேலி செய்ய வேண்டியதில்லை. அவர்கள் சொல்வது உண்மை, பார்ப்பதும் உண்மை.

இந்த மயக்கத்துக்குப் பலர் சொல்கிற ஹிப்னாடிசம் என்ற சொல் கொஞ்சம் அதிகம். ஹிப்னாடிசத்தில் ஒருவர் சொல்வார், மற்றவர் கேட்பார். டிவிக்கு முன்னால் இருப்பவர் எதற்கும் கீழ்ப்படிவதில்லை. எழுந்திருக்காமல் இருக்கிறார், அவ்வளவுதான். இந்தச் சொல் பரவியதில் ஒரு சோதனைக்கும் பங்கு உண்டு. 1969-இல் ஹெர்பர்ட் க்ரூக்மன் என்ற ஆய்வாளர் 22 வயதுப் பெண் ஒருவரின் தலையில் கம்பிகள் பொருத்தி, பத்திரிகை படிக்கும்போதும் டிவி விளம்பரம் பார்க்கும்போதும் மூளை அலைகளை ஒப்பிட்டார். டிவி பார்க்கும்போது அலைகள் மந்தமாயின. ஒரே ஒரு பெண்! அதை வைத்து டிவி மூளையை உறங்கவைக்கிறது என்று உலகம் முழுக்கப் பேசினார்கள். முன்பு விளம்பரத் தொழிலில் இருந்த ஜெர்ரி மாண்டர் 1978-இல் டிவியையே ஒழித்துக்கட்ட வேண்டும் என்று ஒரு புத்தகம் எழுதினார். திரையின் மினுக்கமே ஆளை மயக்குகிறது என்பதும் அந்த நாட்களில் அடிபட்ட வாதம்.

மினுக்கத்தைப் பற்றி எனக்குக் கொஞ்சம் தெரியும். பழைய டியூபில் முழுப் படம் என்று ஒன்று எந்தக் கணத்திலும் இருந்ததில்லை. பின்னாலிருந்து பாய்கிற எலெக்ட்ரான் கற்றை ஒரே ஒரு புள்ளியைத்தான் ஒரு நேரத்தில் ஒளிர வைக்கும். 625 கோடுகள், நொடிக்கு 25 படங்கள், ஒவ்வொரு படமும் இரண்டு பாதிகளாக. இதைக் கோத்துப் படமாக்குவது நம் கண்ணும் மூளையும். கோடு நொடிக்கு 15,625 முறை ஓடுவதால் ஈ.எச்.டி.யிலிருந்து மெல்லிய "கீ" என்ற ஒலி வரும். வயதானவர்கள் காதில் விழாது. பிள்ளைகளுக்குக் கேட்கும். வாசலில் செருப்பைக் கழற்றும்போதே, சவுண்டே வைக்காவிட்டாலும், உள்ளே டிவி ஓடுகிறது என்று கண்டுபிடித்துவிடுவார்கள்.

இன்று எல்.இ.டி. டிவி. எலெக்ட்ரான் கற்றை இல்லை, "கீ" இல்லை, அந்த மினுக்கமும் இல்லை. பின்னால் விளக்கு, முன்னால் திரவப் படிகத் திரை. மயக்கம் மினுக்கத்தில் இருந்திருந்தால் டியூபோடு அது குப்பைக்குப் போயிருக்க வேண்டும். போகவில்லை, ஆள் முன்னைவிட நன்றாகவே உட்காருகிறார். ஆகவே குற்றவாளி டியூப் அல்ல, வெட்டி வெட்டி ஒட்டுகிற எடிட்டிங் மேசைதான் என்பது என் கட்சி.

கியூபியும் சிக்சென்ட்மிஹாயியும் இன்னொன்றும் செய்தார்கள். ஆட்களுக்கு ஆளுக்கொரு பீப்பர் கொடுத்து, ஒரு வாரத்துக்கு, நாளுக்கு ஆறிலிருந்து எட்டு முறை அது அடிக்கும்போதெல்லாம் என்ன செய்கிறார்கள், மனம் எப்படி இருக்கிறது என்று குறிக்கச் சொன்னார்கள். டிவி பார்க்கும்போது பீப்பர் அடித்தவர்கள், நிம்மதியாக இருக்கிறது, மந்தமாக இருக்கிறது என்று எழுதினார்கள். டிவியை அணைத்ததும் நிம்மதி உடனே போய்விட்டது, மந்தம் மட்டும் தங்கியது. உடம்பிலிருந்த சக்தியை டிவி உறிஞ்சிவிட்டது போல இருக்கிறது என்று சொன்னவர்கள் உண்டு. விளையாடிவிட்டு வந்தவர்களுக்கு மனம் தெளிந்தது. டிவி பார்த்து எழுந்தவர்களுக்கு முன்பிருந்தபடியே இருந்தது, அல்லது மோசமானது. அணைத்த கணத்திலேயே நிம்மதி போய்விடும் என்பது உடம்புக்குத் தெரியும். அதனால்தான் கை ரிமோட்டுக்குப் போகாது. "இந்த ஒரு பாட்டு முடியட்டும்" என்று எத்தனை வீட்டில் கேட்டிருக்கிறேன்! செட்டைக் கடைக்குத் தூக்க வந்தவன் நிற்கிறேன், பாட்டு முடியட்டுமாம்.

இனித் தனிமை. எங்கள் தெருவில் முதல் செட் ஒரு ஜவுளிக்கடைக்காரர் வீட்டில் வந்தது. ஒளியும் ஒலியும் பாட்டு நிகழ்ச்சி நேரத்துக்கு ஜன்னல் கம்பி முழுக்க முகம். பஞ்சாயத்து செட் இருந்த கிராமங்களில் மரத்தடியில் பாயை விரித்துக்கொண்டு வருவார்கள். டிவி ஊரைக் கூட்டிய காலம் அது. ஆனால் அதைப் பொற்காலமாக்க எனக்கு விருப்பமில்லை. யார் திண்ணையில் உட்காரலாம், யார் தெருவில் நின்று பார்க்க வேண்டும் என்பது எழுதாத சட்டமாக இருந்தது. படம் பிடிக்காவிட்டால் வீட்டுக்காரர் படக்கென்று அணைத்துவிடுவார். "போங்க போங்க, கரண்டு பில் யார் கட்டுவா" என்பார். ஒரு பெண் குழந்தையை இடுப்பில் வைத்தபடி வாசற்படியில் நின்றே முழுப் படம் பார்ப்பதைக் கண்டிருக்கிறேன். உள்ளே வா என்று யாரும் சொல்ல மாட்டார்கள்.

எனவே 2006 செப்டம்பர் 15-இல் அரசு இலவச வண்ணத் தொலைக்காட்சியைக் கொடுக்கத் தொடங்கியபோது, ஓட்டுக்கான வேலை என்று படித்தவர்கள் சிரித்தார்கள், நான் சிரிக்கவில்லை. 14 அங்குல செட். மாநிலம் முழுக்க ஒன்றரைக் கோடிக்கும் மேல் கொடுத்தார்கள். காலனி வீடுகளில் அதை ஸ்டூல் மேல் வைத்து, மேலே பூப்போட்ட துணி போட்டு, பொட்டு வைத்திருந்தார்கள். இனி யார் வாசலிலும் நிற்க வேண்டாம். அந்த மரியாதை சின்ன விஷயமில்லை.

ஆனால் அதற்கு ஒரு விலை இருந்தது. ஊர் கூடிய இடம் காலியானது. அதற்கு முன்பே, 1993 ஏப்ரல் 14-இல் சன் டிவி வந்து, தெருத்தெருவாகக் கேபிள் இழுத்து, 1999-இல் "சித்தி", அதன் பின் "மெட்டி ஒலி" என்று சீரியல்கள் வந்தபோதே மாலை நேரத் தெரு மெலிந்துகொண்டுதான் இருந்தது. வீட்டுக்கு வீடு செட் ஆனதும் முடிந்துபோயிற்று.

தெருக்கதவுகளும் சாத்திக்கொண்டன; அதற்கு என் தொழிலில் ஒரு அற்பக் காரணமும் உண்டு. பழைய பிக்சர் டியூபின் முகம் வளைந்த கண்ணாடி. வாசல் வெளிச்சம் அதில் விழுந்தால் படத்துக்கு நடுவே தெரு தெரியும். "பாதிப் படம் தெரியலப்பா, வாசல்ல போற மாடுதான் தெரியுது" என்பார்கள். எங்கள் பக்கத்து வீடுகளில் டிவி வைக்கத் தோதான இடம் பட்டாசாலையின் உள்சுவர்தான்; அது தெருக்கதவுக்கு நேர் எதிரே இருக்கும். இடத்தை மாற்றுங்கள் என்றால் பிளக் பாயின்ட் அங்கேதான் இருக்கிறது என்பார்கள். அப்புறம் என்ன, கதவைச் சாத்தினார்கள். பகலெல்லாம் திறந்தே கிடந்த கதவுகள். ஒருவருக்கொருவர் எதிரெதிரே கிடந்த நாற்காலிகள் பஸ்ஸில் போலத் திரும்பிக்கொண்டன.

தீப்பெட்டி ஒட்டுகிற வீடுகளில் இந்த மாற்றத்தை இன்னும் துல்லியமாகப் பார்த்தேன். பெண்கள் நாலைந்து பேர் ஒரு வீட்டில் கூடி உட்கார்ந்து ஒட்டுவார்கள். விரல் தானாக ஓடும். பசையைத் தொடும், தாளை மடிக்கும், பெட்டியை வீசும். வாய் சும்மா இருக்காது. யார் மகளுக்கு எங்கே பார்த்திருக்கிறார்கள், எந்த ஆபீஸில் கூலி கூட்டினார்கள், எல்லாம் அந்த வட்டத்தில் ஓடும். டிவி வந்த பிறகும் விரல் ஓடியது. பேச்சு விளம்பர இடைவேளைக்கு ஒதுங்கியது. சில வருடங்களில் வட்டமும் போயிற்று. அவரவர் வீட்டில் அவரவர் சீரியலுக்கு முன்னால் உட்கார்ந்து ஒட்டினார்கள். கூலி விவரம் அப்புறம் எப்படித் தெரியும்?

இதைத் தராசில் நிறுத்துப் பார்த்தவர்களும் உண்டு. கனடாவின் பிரிட்டிஷ் கொலம்பியாவில் ஒரு சிற்றூர். பள்ளத்தாக்கில் இருந்ததால் 1973 வரை அங்கே டிவி அலை எட்டவில்லை. சுற்றுவட்டாரத்தில் மற்ற ஊர்களிலெல்லாம் டிவி உண்டு. டானிஸ் மேக்பெத் வில்லியம்ஸ் என்ற உளவியலாளரும் அவர் குழுவினரும் டிவி வருவதற்கு முன்பு ஒரு முறை, இரண்டு வருடம் கழித்து ஒரு முறை அந்த ஊரை ஆராய்ந்தார்கள். அவர்கள் ஆய்வில் அந்த ஊருக்கு நோட்டெல் என்று பெயர். வந்தது ஒரே ஒரு சேனல். அதற்குள் மன்றக் கூட்டம், நடனம், விளையாட்டு என்று ஊர் கூடுவது குறைந்தது. குழந்தைகளின் வாசிப்பும் கற்பனைத் திறனும் இறங்கி, அடிதடி ஏறியது. ஒரு புதிரைக் கொடுத்தால் பெரியவர்கள் முன்பு போல் பொறுமையாக முட்டிமோதவில்லை, சீக்கிரமே விட்டுவிட்டார்கள். சும்மா இருக்கும் நேரத்தைப் பொறுக்கும் சக்தியும் குறைந்தது என்கிறார்கள். என்னை உறுத்துவது இந்தக் கடைசிதான். திண்ணையில் சும்மா இருப்பது ஒரு காலத்தில் நம் ஆட்களுக்குக் கைவந்த கலை.

இந்தோனேசியாவின் ஜாவாவில் பெஞ்சமின் ஓல்கன் என்ற பொருளாதார அறிஞர் மலைகளைப் பயன்படுத்திக்கொண்டார். மலை மறைப்பதால் சில கிராமங்களில் நிறைய சேனல் தெரியும், சிலவற்றில் கொஞ்சம்தான். அதிக சேனல் தெரிந்த ஊர்களில் மக்கள் ஊர்க்கூட்டங்களுக்கும் குழுக்களுக்கும் போவது குறைவு. அடுத்தவர் மேல் வைக்கும் நம்பிக்கையும் குறைவு. 2009-இல் வந்த ஆய்வு.

அதே 2009-இல் ராபர்ட் ஜென்சன், எமிலி ஆஸ்டர் இருவரும் தமிழ்நாடு உட்பட இந்தியாவின் ஐந்து பகுதிகளில் கேபிள் வந்த கிராமங்களைப் பார்த்து வேறொன்று சொன்னார்கள். கேபிள் வந்த பிறகு, புருஷன் அடிப்பது சரிதான் என்று நினைக்கும் பெண்கள் குறைந்தார்கள். பையன்தான் வேண்டும் என்ற ஆசை தணிந்தது. வீட்டு விஷயங்களில் பெண்ணின் சொல் கொஞ்சம் ஏறியது. சீரியலைத் திட்டிக்கொண்டிருந்த எனக்கு இது பிடிக்கவில்லை, ஆனாலும் நம்புகிறேன். வாசற்படியில் நின்று பார்த்த அந்தப் பெண்ணுக்குத் திரையில் வேறு ஊர்ப் பெண்கள் தெரிந்தார்கள். தெரு அவருக்குச் சொல்லாததை அவர்கள் சொல்லியிருக்கலாம்.

இன்று எனக்கு வரும் அழைப்புகளில் பாதி பழுதே இல்லை. "படம் வரல தம்பி, நீலமா நிக்கி." போய்ப் பார்த்தால் ரிமோட்டில் சோர்ஸ் பட்டன் அமுங்கியிருக்கும். அழைப்பவர்கள் பெரும்பாலும் வயதானவர்கள். ஒரு ஆச்சி, மகன் மஸ்கட்டில், மகள் பெங்களூரில். விடிந்ததும் டிவியைப் போட்டுவிட்டு அடுப்படிக்குப் போய்விடுவார். திரையைப் பார்ப்பதே இல்லை. "ஆள் சத்தம் இருக்கணும்லா" என்கிறார். அவருக்கு டிவியைக் குறையுங்கள் என்று எந்த வாயால் சொல்வது? தனிமையில் இருப்பதால் டிவி பார்க்கிறார்களா, டிவி பார்த்துப் பார்த்துத் தனிமை தாங்காமல் ஆகிறார்களா என்று ஆய்வாளர்களே இரண்டு பக்கமும் பேசுகிறார்கள். நான் சோர்ஸ் பட்டன் மேல் இன்சுலேஷன் டேப் ஒட்டிவிட்டு வருகிறேன். காசு வாங்குவதில்லை, காபி மட்டும்.

வீட்டில் செட் வாங்கும்போது என்னைக் கேட்கிறவர்களிடம் சொல்வது இதுதான்: படுக்கையறையில் ஒன்று, ஹாலில் ஒன்று வேண்டாம். ஒன்றே வாங்குங்கள், பெரிதாக வாங்குங்கள், ஹாலில் வையுங்கள். ரிமோட்டுக்குச் சண்டை வரட்டும். சண்டை போட ஆள் பக்கத்தில் இருக்க வேண்டுமே. சாப்பிடும்போது சுவரிலேயே ஸ்விட்சை அணையுங்கள். ரிமோட்டில் அணைத்தால் ஒரு விரலில் திரும்பப் போட்டுவிடலாம். சுவருக்கு எழுந்து நடக்க வேண்டும், நம் ஆட்கள் நடக்க மாட்டார்கள்.

செட் இல்லாத வீட்டை இனி நானும் பார்க்க முடியாது. போர்டு போனால் வீட்டிலேயே ஒரு மணி நேரத்தில் மாற்றிவிடுகிறோம். பேனல் போனால் மாற்றுகிற காசில் புதிதே வாங்கிவிடலாம். அண்மையில் ஒரு வீட்டில் சின்னவன் ரிமோட்டை எறிந்து பேனலில் விரிசல். பாதித் திரை கறுப்பு. புதிது வாங்குங்கள் என்று சொல்லிவிட்டுச் சுற்றிப் பார்த்தேன். அப்பா செல்போனில் கிரிக்கெட், மகள் காதில் ஒயர், சின்னவன் கையில் பாட்டியின் போன். "எப்பம்மா வாங்கப் போறீங்க, நானே வந்து மாட்டித் தாரேன்" என்றேன். அந்த அம்மா போனிலிருந்து கண்ணை எடுக்காமல், "என்ன அவசரம் அண்ணாச்சி, பொங்கல் ஆஃபர்ல பாத்துக்கிடலாம்" என்றார். அது ஆனி மாதம். வரப்போகிற ஆடித் தள்ளுபடியைக்கூட யாரும் பேச்சில் எடுக்கவில்லை.